மணி அடித்தவன் தோற்றவனா?

நடுவர் அவர்களே, அவையோரே, வணக்கம். ஒரு பழைய பிரெஞ்சுப் படத்தின் நாயகன் மேக்ஸ், உதவிக்கு மணி அடிப்பதில்லை என்று கட்டிய பந்தயத்தில் வென்றானா தோற்றானா என்பதுதான் நம் வாதம். "மணியை அடித்தான், தோற்றான், கதை முடிந்தது" என்று சொல்லி அமர்ந்திருக்கிறார் எதிரணித் தலைவர். மேக்ஸ் வென்றான் என்று சொல்ல வந்திருக்கிறேன் நான்.

படம் பார்க்காதவர்களுக்காகக் கதையைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். 1924-இல் ஏபல் கான்ஸ் இயக்கிய பிரெஞ்சு மௌனப்படம் 'ஓ செகூர்', அதாவது 'உதவி!'. அந்தப் படத்தையே ஒரு பந்தயத்துக்காகச் சில நாட்களில் எடுத்து முடித்தார் என்றும் சொல்வார்கள். நாயகனாக நடித்தவர் மேக்ஸ் லிண்டர். கதையில் நாயகன் பெயரும் மேக்ஸ்தான், புது மாப்பிள்ளை. பேய் மாளிகையில் இரவு 11 மணியிலிருந்து 12 மணி வரை, உதவிக்கு மணி அடிக்காமல் இருந்து காட்டுகிறேன் என்று பந்தயம் கட்டுகிறான்.

பேய் உருவங்கள் வருகின்றன. விலங்குகள் வருகின்றன. போதாதென்று காட்சியையே இழுத்து நெளித்துக் காட்டுகிறார் கான்ஸ். மேக்ஸ் பயப்படுகிறான், அதை நான் மறுக்கவில்லை. ஆனால் மணியை அவன் அடிக்கவில்லை. பந்தயம் சோதிக்க வந்தது இதைத்தானே, நடுவர் அவர்களே?

அப்புறம்தான் தொலைபேசி வருகிறது. பேசுவது அவன் மனைவி. தனக்கு ஆபத்து என்று அலறுகிறாள். அந்த இடத்தில் லிண்டரின் முகத்தைப் பாருங்கள்! 1905 முதல் பாத்தே என்ற பிரெஞ்சுப் பட நிறுவனத்தின் குறும்படங்களில் பட்டுத் தொப்பியும் மிடுக்குமாக வந்து சிரிக்கவைத்தவர் அவர். சாப்ளினே தன் ஆசானாகக் கொண்டாடிய கலைஞர். அவர் முகத்தில் அந்த நிமிடம் சிரிப்புக்கு இடமே இல்லை. அவள் குரல் நமக்குக் கேட்காது. அவர் முகத்தைப் பார்த்தே நமக்குப் பதறுகிறது. இந்தப் படம் வந்த அடுத்த ஆண்டே அவர் இறந்துபோனார் என்று நினைக்கும்போது அந்தக் காட்சி என்னை இன்னும் உலுக்குகிறது.

12 மணிக்குச் சற்று முன் மேக்ஸ் மணியை அடித்துவிடுகிறான். "விதி விதிதான்" என்கிறார்கள் எதிரணியினர். சரி, விதியையே பேசுவோம். பந்தயம் அவனுடைய துணிச்சலின் மீது கட்டப்பட்டது. மாளிகையில் வந்த பேயெல்லாம் ஏற்பாடு செய்த வேடம் என்று கடைசியில் தெரிகிறது. அந்த அழைப்பும் அதே ஏற்பாட்டில் சேர்ந்ததுதான். பேயைக் காட்டி அவனை அசைக்க முடியவில்லை என்று தெரிந்ததால்தானே அவன் மனைவியை உள்ளே இழுத்தார்கள்? அந்த நொடியிலேயே அவனோடு பந்தயம் கட்டிய எதிராளி தோற்றுவிட்டான். பணம் கைமாறியது வேறு விஷயம்.

எதிரணியில் அடுத்துப் பேச வருபவர் இதற்கு மட்டும் பதில் சொல்லட்டும். மனைவி அலறுவதைக் கேட்டும், கடிகாரத்தைப் பார்த்தபடி அசையாமல் உட்கார்ந்து 12 அடிக்கும்வரை காத்திருந்தால், அந்த மேக்ஸுக்கு நீங்கள் கைதட்டியிருப்பீர்களா?