தீம் திரும்ப வந்தா போரடிக்குது, மாத்தினா வேற பாட்டா ஆயிடுது, என்ன பண்றது?

சரி, அடுத்த கேள்விக்கு வரலாம். கீபோர்டுல சொந்தமா கம்போஸ் பண்ணிட்டிருக்கிற ஒருத்தர் கேட்டிருக்காங்க, "எட்டு பார்ல, அதாவது எட்டு தாளச் சுத்துல, ஒரு தீம் போட்டு வச்சிருக்கேன், எனக்கு ரொம்ப பிடிச்சிருக்கு, ஆனா அதுக்கப்புறம் நகரவே மாட்டேங்குது, அப்படியே திரும்ப வாசிச்சா போரடிக்குது, மாத்தினா வேற பாட்டு மாதிரி ஆயிடுது, பெரிய கம்போசர்லாம் ஒரு சின்ன தீம் வச்சுக்கிட்டு அரை மணி நேரம் எப்படி கொண்டு போறாங்க"ன்னு.

நீங்க மாத்தும்போது எல்லாத்தையும் ஒரே நேரத்துல மாத்திடுறீங்கன்னு நினைக்கிறேன், சிக்கல் அங்கதான் இருக்கு. தீம்னு நாம சொல்றது ஒரே ஒரு பொருள் கிடையாது. அதுக்குள்ள ரிதம் இருக்கு, நோட்டு எங்க ஏறுது எங்க இறங்குதுங்கிற வளைவு இருக்கு, எவ்வளவு தூரம் தாவுதுங்கிறது இருக்கு, கீழ ஓடுற கார்டு, அதாவது சேர்ந்து ஒலிக்கிற ஸ்வரக் கூட்டம் இருக்கு, வேகம் இருக்கு, எந்த வாத்தியம் வாசிக்குதுன்னு இருக்கு. கேக்கிறவங்க காது இதுல ஒண்ணு ரெண்டு கிடைச்சாலே "ஆ, இது முன்னாடி வந்ததுதானே"ன்னு பிடிச்சுக்கும். அதனால கம்போசர் ஒண்ண கெட்டியா பிடிச்சுக்கிட்டு மத்ததெல்லாம் விட்டுடுறார், அடுத்த தடவை பிடிச்சிருந்ததை விட்டுட்டு வேற ஒண்ண பிடிக்கிறார். பல நேரம் பிடிச்சுக்கிறது எதுன்னு பாத்தீங்கன்னா ரிதம்தான்.

பீத்தோவனோட அஞ்சாவது சிம்பொனிய எடுத்துக்கலாம், 1808 டிசம்பர்ல வியன்னால முதல்ல வாசிச்சது. எல்லாருக்கும் தெரிஞ்ச உதாரணம்தான், ஆனா அந்த ஆரம்பத்தை தாண்டி உள்ள போய் கேட்டவங்க கம்மி, அதனாலதான் இதையே எடுக்கிறேன். மூணு குட்டை நோட்டு, ஒரு நெட்டை நோட்டு, அவ்வளவுதான் சரக்கு. சி மைனர்ல சி-ய ஸா-ன்னு வச்சுக்கிட்டா ப ப ப க. உடனே அதையே ஒரு படி கீழ இறக்கி ம ம ம ரி. இதுக்கு சீக்வென்ஸ்னு பேரு, ரிதமும் வளைவும் அப்படியே இருக்கு, இடம் மட்டும் மாறுது. இது எல்லாரும் பண்றதுதான்.

கொஞ்ச நேரம் கழிச்சு ஹார்ன் தனியா ஒரு அழைப்பு மாதிரி ஊதும், கவனிச்சு கேளுங்க. அதே மூணு குட்டை ஒரு நெட்டைதான், ஆனா இப்போ இறங்குற தூரம் அதிகமாயிடுச்சு, முன்னாடி ப-லேர்ந்து க வரைக்கும் இறங்கினது இப்போ மேஜருக்கு போய் ப-லேர்ந்து ஸா வரைக்கும் இறங்குது, அதுக்கு பின்னாடி ரெண்டு நீளமான நோட்டும் ஒட்டிக்குது. அடுத்து வயலின்ல மென்மையா ஒரு மெலடி வரும், ஆரம்பத்துக்கு கொஞ்சம் கூட சம்பந்தமில்லாத மாதிரி இருக்கும், ஆனா அதுக்கு அடியில செல்லோவும் பேஸும் அந்த மூணு குட்டை ஒரு நெட்டைய தட்டிக்கிட்டே இருக்கும். புதுசா ஒண்ணு வந்தாலும் பழசு வீட்டை விட்டு போகல.

எனக்கு ரொம்ப பிடிச்ச இடம் நடுவுல டெவலப்மென்ட்னு சொல்ற, தீமை பிரிச்சு விளையாடுற பகுதியில வருது. அந்த ஹார்ன் அழைப்புலேர்ந்து நடுவுல இருக்கிற ரெண்டு நீளமான நோட்டு மட்டும் வெட்டி எடுக்கிறார், அதை ஊதுற வாத்தியங்களும் தந்தி வாத்தியங்களும் மாறி மாறி வாசிக்கும், அப்புறம் அந்த ரெண்டு நோட்டும் குறைஞ்சு ஒத்தையாயிடும், ஒரு பக்கம் ஒரு கார்டு, அந்த பக்கம் ஒரு கார்டு, சத்தம் குறைஞ்சுக்கிட்டே போய் மூச்சு மாதிரி ஆயிடும். அந்த ஒத்த கார்டை மட்டும் தனியா கேட்டா அதுல தீம் இருக்குன்னு யாருமே சொல்ல மாட்டாங்க, ஆனா படிப்படியா வெட்டிக்கிட்டே வந்ததால நம்ம காது கூடவே வந்துடுச்சு. இப்படி துண்டு துண்டா வெட்டுறதுக்கு ஃப்ரேக்மென்டேஷன்னு பேரு. நம்ம கீர்த்தனையில சங்கதி போடும்போது ஒரு வரிய கொஞ்சம் கொஞ்சமா வளர்த்துக்கிட்டே போவோம்ல, இது அதுக்கு நேர் எதிர் திசை, ஆனா ஒரு படி ஒரு படியா போற பொறுமை ரெண்டுலயும் ஒண்ணுதான்.

இதுவரைக்கும் பாத்தது சிம்பொனியோட முதல் மூவ்மென்ட், அதாவது முதல் பகுதி. மூணாவது மூவ்மென்ட்ல ஹார்ன் மறுபடி வருது, இந்த தடவை மூணு குட்டையும் நெட்டையும் ஒரே நோட்டுல, இறக்கமே இல்ல. தாளமும் மூணாயிடுச்சு, முதல் மூவ்மென்ட்ல ஒரு இடைவெளி விட்டு எடுத்தது இங்க நேரா அடியில விழுது. ஸ்வர வளைவு மொத்தமா போச்சு, ஆனாலும் கேட்ட உடனே தெரியும்.

சரி, ரிதத்தை விட்டுட்டு வேற எதையாவது பிடிச்சுக்க முடியுமான்னா, முடியும். ரக்மானினோஃப் 1934-ல எழுதின பகனினி ராப்சடி, பியானோவும் ஆர்கெஸ்ட்ராவும், ஒரே தீமை மாத்தி மாத்தி மொத்தம் 24 வேரியேஷன். தீம் ஏ மைனர்ல சுறுசுறுப்பா கொறிக்கிற மாதிரி ஓடும், மேல ஒரு தாவு தாவிட்டு இறங்கி வரும். 18-வது வேரியேஷன்ல அதை கண்ணாடியில பாத்த மாதிரி தலைகீழா திருப்பிட்டார், மேல போனது கீழ போயிட்டு ஏறி வருது, அதோட டி ஃப்ளாட் மேஜருக்கு மாத்தி வேகத்தையும் குறைச்சிட்டார், அவ்வளவு உருகுற மெலடி. அதை மட்டும் தனியா கேட்டு ரசிக்கிறவங்க நிறைய பேருக்கு இது அதே தீம்னு தெரியாது. தெரியாம போனாலும் தப்பில்ல, முதல்லேர்ந்து கேட்டுட்டு வர்றவங்களுக்கு "இது எங்கயோ பழக்கம்"னு உள்ளுக்குள்ள ஒண்ணு தோணும், அந்த தோணலுக்குத்தான் இவ்வளவு வேலையும்.

பாக் ஆர்ட் ஆஃப் ஃபியூக்னு ஒரு தொகுப்பு எழுதினார், அதுல ஏழாவது துண்டுல ஒரே தீம் சாதாரண வேகத்துல, இழுத்து, சுருக்கின்னு மூணு விதமா ஒண்ணு மேல ஒண்ணு போடுவார். பெர்லியோஸ் 1830-ல எழுதின ஃபன்டாஸ்டிக் சிம்பொனியில, கதையில வர்ற காதலிய குறிக்கிற மெலடிய கடைசி மூவ்மென்ட்ல சின்ன கிளாரினெட்டுக்கு கொடுத்து, அலங்காரமெல்லாம் ஒட்டி, சூனியக்காரிங்க கூத்துல ஆட விட்டுடுவார், அங்க மாறுறது முக்கியமா ரிதமும் வாத்தியமும்தான், ஆனா அந்த பொண்ணே வேற ஆளாயிட்ட மாதிரி இருக்கும்.

இப்போ உங்க எட்டு பாருக்கு வர்றேன். எட்டையும் தூக்கிட்டு நடக்காதீங்க. அதை கைதட்டியே வாசிச்சு பாருங்க, ஸ்வரமே இல்லாம, எந்த இடம் தட்டும்போதே அடையாளம் தெரியுதோ அந்த ரெண்டு பார் போதும். முதல்ல அந்த ரிதத்துல வேற ஸ்வரம் போடுங்க, அடுத்து அதே ஸ்வரத்தை வேற ரிதத்துல, அப்புறம் இடது கைக்கு கொடுத்துட்டு வலது கையில புதுசா ஏதாவது. ஒரு தடவைக்கு ஒண்ணுதான் மாத்தணும், இது முக்கியம். முழு எட்டு பாரும் நடுவுல எங்கயும் வர வேண்டாம், கடைசிக்கு வச்சுக்கோங்க. அங்க அதை நீங்க ஒரு நோட்டு கூட மாத்தாம வாசிச்சாலும் இந்த தடவை போரடிக்காது, வாசிச்சு பாத்துட்டு எனக்கு எழுதுங்க.