கிரேக்கக் காவியங்களில் வெற்றி தந்தது பெண்ணறிவே

நடுவர் அவர்களே, அவை நிறைந்த பெரியோர்களே, எதிரணி நண்பர்களே, அனைவருக்கும் வணக்கம்.

கிரேக்கக் காவியங்களில் வெற்றிக்குக் காரணம் வீரர்களின் தோள்வலியா, பெண்களின் அறிவா என்பது தலைப்பு. எனக்கு முன் பேசிய எதிரணித் தலைவர் மூன்று பேரை முன்னிறுத்தினார். மினோட்டாரைக் கொன்ற தீசியஸ், தங்க ஆட்டுத்தோலைக் கொண்டுவந்த ஜேசன், எவராலும் நாணேற்ற முடியாத வில்லை வளைத்த ஒடிஸியஸ். நான் வேறு பெயர்களைத் தேடிப் போகவில்லை. அவர் கொண்டுவந்த அதே மூவரையும் சாட்சிக் கூண்டில் ஏற்றுகிறேன்.

முதலில் தீசியஸ். கிரீட் தீவின் மன்னன் மினோஸ் கட்டுவித்த சுழல்மாளிகைக்குள் காளைத்தலை கொண்ட மினோட்டார் இருந்தது. அதற்கு இரையாக ஏதென்ஸ் நகரம் ஏழு இளைஞர்களையும் ஏழு கன்னியரையும் அனுப்பிக்கொண்டிருந்தது. அதைக் கொல்லத் தோள்வலி போதும், மறுக்கவில்லை. கொன்ற பிறகு வெளியே வருவது எப்படி? மினோஸின் மகள் அரியாட்னி நூல் உருண்டையைக் கொடுத்தாள். வாசலில் ஒரு முனையைக் கட்டு, உருட்டிக்கொண்டே போ, அதையே பற்றித் திரும்பி வா என்றாள். அந்த உபாயம் சிற்பி டெடலஸ் சொன்னதல்லவா என்று நீங்கள் கேட்கலாம். ஒரு மரபு அப்படிச் சொல்கிறது, உண்மைதான். ஆனால் மாளிகையைக் கட்டியவனிடமே போய் வெளிவரும் வழியைக் கேட்க வேண்டும் என்று யோசித்தவள் அரியாட்னிதானே? வாளோடு வந்த வீரனுக்கு அது தோன்றவில்லையே!

அவளை நாக்சோஸ் தீவில் விட்டுவிட்டுத் தீசியஸ் கப்பல் ஏறினான். பிறகு நடந்ததைப் பாருங்கள். உயிரோடு திரும்பினால் கறுப்புப் பாயை இறக்கி வெள்ளைப் பாயை ஏற்றுவதாகத் தந்தைக்கு வாக்குக் கொடுத்திருந்தான். மறந்துவிட்டான். கறுப்புப் பாயைக் கண்ட ஏஜியஸ், மகன் இறந்தான் என்று நம்பி உயிரை மாய்த்துக்கொண்டான். அறிவைத் தீவில் இறக்கிவிட்டு வந்த வெற்றி, வீட்டு வாசலிலேயே சாவு வீடாயிற்று.

அடுத்து ஜேசன். நெருப்பைக் கக்கும் காளைகளை ஏரில் பூட்ட வேண்டும். பாம்பின் பற்களை விதைக்க வேண்டும். அவற்றிலிருந்து முளைக்கும் படைவீரர்களை வெல்ல வேண்டும். கொல்கிஸ் மன்னன் வைத்த சோதனை இது. நெருப்பு சுடாதிருக்க மருந்து தந்தவள் மன்னன் மகள் மீடியா. முளைத்து வரும் வீரர்களின் நடுவே ஒரு கல்லை எறி, அவர்கள் தங்களுக்குள்ளேயே வெட்டிக்கொண்டு சாவார்கள் என்று சொல்லிக் கொடுத்தவளும் அவளே. தோலைக் காத்த உறங்காத பாம்பை உறங்க வைத்தவளும் அவளே. ஜேசன் செய்ததெல்லாம் சொன்னதைச் செய்தது.

மீடியா பெற்ற பிள்ளைகளைக் கொன்றவள் என்று எதிரணியினர் சொல்வார்கள். கி.மு. 431-இல் யூரிப்பிடிஸ் மேடையேற்றிய நாடகத்தில் அது வருகிறது. அந்தக் கொலைக்கு நான் வக்காலத்து வாங்க மாட்டேன். ஆனால் அதே நாடகத்தில், ஒருமுறை பிள்ளை பெறுவதைவிட மூன்று முறை கேடயத்தோடு போர்முனையில் நிற்பேன் என்று அவள் சொல்கிறாள். வீரம் ஆண்களின் தோளில் மட்டும் குடியிருக்கிறது என்பவர்கள் அந்த வரிக்கு முதலில் பதில் சொல்ல வேண்டும்.

ஹெர்குலிஸ் இருக்கிறாரே என்று எதிரணியில் ஒரு குரல் கேட்கிறது. கிரேக்கத்தின் ஒலிம்பியாவில் இருந்த, தலைமைக் கடவுள் ஜீயஸின் கோயில் சிற்பம் ஒன்று இன்றும் அந்த ஊர் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. ஹெர்குலிஸ் வானத்தைச் சுமந்து நிற்கிறான், தோளில் மடித்து வைத்த மெத்தை. அவனுக்குப் பின்னால் அறிவுத் தெய்வமான ஏதீனா, எந்தச் சிரமமும் இல்லாமல் ஒரு கையை உயர்த்தித் தாங்குகிறாள். தோள்வலிக்கு மறுபெயரான ஹெர்குலிஸுக்கே அந்தக் கை தேவைப்பட்டது என்று சிற்பி கல்லில் எழுதி வைத்துவிட்டான்.

இப்போது ஒடிஸியஸ், டிராய் போர் முடிந்து கடல்வழியே ஊர் திரும்பிய இத்தாக்கா மன்னன். ஒற்றைக்கண் அரக்கனின் குகையிலிருந்து அவன் தன் சொந்த அறிவால்தான் தப்பினான். பாராட்டுகிறேன். ஆனால் கப்பல் கிளம்பியதும் சும்மா இருந்தானா? என் பெயர் ஒடிஸியஸ் என்று கரையைப் பார்த்துக் கூவினான். அரக்கனின் தந்தை கடல் தெய்வம் பொசைடன். வாயைக் கொடுத்து வம்பை விலைக்கு வாங்கினான். அதிலிருந்து அவனை மீட்டவர்கள் யார்? பாடியே கொல்லும் சைரன்களைக் கடக்க, தோழர்கள் காதில் மெழுகை அடை, உன்னைப் பாய்மரத்தில் கட்டச் சொல் என்று வழி சொன்னவள் மாயக்காரி சர்சி. புயலில் தெப்பம் உடைந்தபோது முக்காட்டைத் தந்து காத்தவள் கடல்தேவதை இனோ. மன்னனைத் தாண்டிப் போய் என் தாயின் முழங்காலைப் பற்று, அவள் மனம் இரங்கினால் நீ ஊர் போய்ச் சேரலாம் என்று சொன்னவள் அவன் கரை ஒதுங்கிய நாட்டின் இளவரசி நாசிகா.

இத்தாக்காவில் அவனுக்காகக் காத்திருந்தவளோ மனைவி பெனலோப்பி. அவன் இறந்திருப்பான் என்று எண்ணி அவளை மணக்க வந்து அரண்மனையைச் சூறையாடியவர்கள் 108 பேர். மாமனாருக்கு ஈமத்துணி நெய்து முடித்ததும் முடிவு சொல்கிறேன் என்றாள். பகலில் நெய்தாள், இரவில் பந்த வெளிச்சத்தில் பிரித்தாள். மூன்று ஆண்டுகள் அத்தனை பேர் கண்ணிலும் மண்ணைத் தூவினாள். ஒரு வாளும் இல்லாமல், ஒரு தறியை வைத்துக்கொண்டு அவள் அந்த நாட்டைக் காத்தாள்!

எதிரணித் தலைவர் பெருமையோடு சொன்ன வில்லுக்கு வருகிறேன். ஒடிஸியஸின் வில்லை நாணேற்றி எய்து வெல்பவனை மணப்பேன் என்று வில்போட்டியை அறிவித்தவள் பெனலோப்பி. சரக்கறைக்குப் போய், முளையில் தொங்கிய வில்லை இறக்கி, மடியில் வைத்துக்கொண்டு வாய்விட்டு அழுதுவிட்டு, அதைத் தன் கையாலேயே கூடத்துக்குக் கொண்டுவந்தவள் அவள். பிச்சைக்காரனாக வேடமிட்டிருந்த ஒடிஸியஸுக்கு வில்லைத் தரக்கூடாது என்று மற்றவர்கள் தடுத்தபோது, அவனும் முயன்று பார்க்கட்டும் என்று வாதாடியவளும் அவளே.

வில் கைக்கு வந்ததும் ஒடிஸியஸ் மணக்க வந்தவர்களைக் கொன்று தீர்த்தான். கொலைக்களம் ஓய்ந்தது. வந்திருப்பவன் கணவன்தான் என்று எல்லோரும் சொல்கிறார்கள். அவள் உடனே நம்பிவிடவில்லை. அவர் செய்த கட்டிலை அறைக்கு வெளியே எடுத்துப் போட்டுப் படுக்கை விரி என்று செவிலியிடம் சொல்கிறாள். ஒடிஸியஸ் கொதித்துப்போகிறான். என் கட்டிலை யார் நகர்த்தியது? வேரோடு நின்ற ஒலிவ மரத்தைக் கட்டில் காலாகச் செதுக்கி, அதைச் சுற்றி அறையைக் கட்டியவன் நானல்லவா என்று கேட்கிறான். ரகசியம் வெளிவந்துவிட்டது. அரக்கனையும் பகைவரையும் பொய்யால் வென்றவனை, ஒரே வாக்கியத்தில் உண்மை பேச வைத்தவள் அவள்.

அடுத்து வரும் எதிரணி நண்பருக்கு ஒரே ஒரு கேள்வி. பெனலோப்பி அந்தப் போட்டியை அறிவிக்காமல் இருந்திருந்தால், கந்தல் உடுத்துக் கூடத்து வாசலில் உட்கார்ந்திருந்த ஒடிஸியஸின் கைக்கு அந்த வில் எப்படி வந்திருக்கும்? அதற்கான பதிலைக் கேட்டபிறகு தீர்ப்புச் சொல்லுங்கள், நடுவர் அவர்களே. நன்றி, வணக்கம்.