கேள்விக்குப் பின் மூன்று நொடி

நேயர்களுக்கு வணக்கம். வகுப்பறை விவாதம், இணையவழிப் பாடம் இரண்டுமே மாணவருக்குப் பொருள் உள்ளவையாக அமைய என்ன வேண்டும்? காத்திருக்கும் பொறுமை வேண்டும் என்பேன். இதைப் பல இடங்களில் சொல்லியிருக்கிறேன், இங்கும் சொல்கிறேன்.

மேரி பட் ரோ என்ற அமெரிக்கக் கல்வியாளர் அறிவியல் வகுப்புகளை ஒலிப்பதிவு செய்து ஆராய்ந்தார். 1970-களில் வெளிவந்த முடிவு இது: கேள்வி கேட்ட ஆசிரியர் சராசரியாக ஒரு நொடிதான் காத்திருக்கிறார். அதையே மூன்று நொடியாக்கியபோது பதில்கள் நீண்டன. வாய் திறக்காத பிள்ளைகளும் பேசினார்கள். மாணவர்களே கேள்வி கேட்கத் தொடங்கினார்கள்.

இன்னொரு காத்திருப்பையும் அவர் கவனித்தார். மாணவர் பதில் சொன்ன பிறகு ஆசிரியர் காக்கும் அமைதி. எனக்கு இதுதான் பெரிது. பனிக்கட்டி ஏன் மிதக்கிறது என்று கேட்கிறோம். ஒரு மாணவி எழுந்து, "அது தண்ணீரைவிட..." என்று இழுக்கிறாள். "அடர்த்தி குறைவு. சரி, உட்கார்" என்று நாமே முடித்துவிடுகிறோம். விட்டிருந்தால், "லேசாக இருக்கிறது" என்றிருப்பாள். "அவ்வளவு பெரிய பனிப்பாறை எப்படி லேசாகும்?" என்று பின் வரிசைப் பையன் கேட்டிருப்பான். பாடம் அங்கேதான் சூடு பிடித்திருக்கும்! சரியான விடை கிடைத்த அவசரத்தில் அந்த நல்ல கேள்வியை இழந்துவிட்டோம்.

இணையப் பாடத்துக்கு வருவோம். காணொளி தானாகக் காத்திருக்காது. நாம்தான் அதைக் காக்க வைக்க வேண்டும். சோதனையின் முடிவைக் காட்டுமுன் படத்தை நிறுத்துங்கள். என்ன நடக்கும், ஏன் என்று மாணவர் இரண்டு வரி எழுதட்டும். எழுதிய பிறகே மற்றவர்களின் பதில்கள் திறக்கட்டும். இல்லையென்றால் முதல் பதிலுக்குக் கீழே, "நானும் இதையே நினைக்கிறேன்" என்று வரிசையாக விழும். மாணவரைக் குறை சொல்லிப் பயனில்லை. நாம் கேட்ட கேள்வி அப்படி. கூச்சமுள்ள பிள்ளைக்கு வகுப்பில் மூன்று நொடிதான் தர முடியும். இணையத்தில் ஒரு நாளே தரலாம். அந்த வசதியை வீணாக்குவதுதான் எனக்குப் பெரிய வருத்தம்.

நேரம் நெருங்குவதாகச் சைகை காட்டுகிறார்கள். மதிப்பெண் பற்றி விரிவாகப் பேச நினைத்திருந்தேன். ஒன்று மட்டும்: எத்தனை பதில் எழுதினார் என்று எண்ணாதீர்கள், நண்பர் சொன்னதைக் கேட்டுத் தன் கருத்தை எங்கே திருத்தினார் என்று பாருங்கள். காணொளியின் நீளத்துக்கு, எட்எக்ஸ் என்ற இணையப் பாடத் தளத்தின் பாடங்களை ஆராய்ந்து 2014-இல் வந்த பரிந்துரை, ஆறு நிமிடத்துக்குள். நன்றி, வணக்கம்.