துரும்பும் கோர்ட்டுக் காகிதமும்

நேயர்களுக்கு வணக்கம். ராமநாதபுரம் நீதிமன்றத்தில் நாற்பது ஆண்டுக்கு மேல் கறுப்பு அங்கி மாட்டியவன் நான். அதில் பாதிக்கு மேல் புருஷன் பெண்டாட்டி வழக்குதான். சர்வாதிகார ஆட்சிகளில் கல்யாணமும் மணமுறிவும் என்ன பாடுபட்டன என்று பேசக் கூப்பிட்டிருக்கிறார்கள். சிலி, ஸ்பெயின், ருமேனியா என்று மூன்று தேசங்களைக் குறித்து வந்திருக்கிறேன். சரி, முதலில் தொண்டிக்குப் போய்விட்டு வருவோம்.

1975, எமர்ஜென்சி வந்த வருஷத்து மழைக்காலம். நான் ஜூனியர். தொண்டிப் பக்கத்துக் கடற்கரைக் கிராமத்திலிருந்து ஒரு தம்பதி முதல் பஸ்ஸில் சேர்ந்தே வந்தார்கள். நாலு வருஷமாகத் தனித்தனியாக இருக்கிறார்கள், ஆனால் சண்டை இல்லை. அந்த அம்மாவை பெஞ்சில் உட்கார வைத்துவிட்டு அவர்தான் போய் டீ வாங்கி வந்தார். எங்கள் சீமையில் சில சமூகங்களில் பெரியவர்கள் முன்னால் துரும்பைக் கிள்ளிப் போட்டால் உறவு தீர்ந்தது. 1955ஆம் வருஷத்து இந்து திருமணச் சட்டமும் அந்த மாதிரி வழக்கங்களை ஒதுக்கிவிடவில்லை. ஆனால் அவருக்கு இரண்டாவதாகப் பெண் கொடுக்க இருந்த வீட்டார், கோர்ட்டுக் காகிதம் வேண்டும் என்று பிடிவாதம்.

என் சீனியர் சொன்னார்: “ரெண்டு பேருக்கும் சம்மதம்கிறதுக்காகக் கோர்ட்டு பிரிச்சு வைக்காது. யார் மேலயாவது குத்தம் இருக்கணும். இவன் வேறொருத்தியோட குடித்தனம் நடத்துறான்னு எழுதுவோம்.” அந்த மனுஷன் தலையாட்டினார்: “எழுதிக்கங்கய்யா, எனக்கொண்ணும் இல்ல.” அந்த அம்மா டீ கிளாஸைக் கீழே வைத்தார். “கடலுக்குப் போற ஆளு மேல அபாண்டமா எழுதி, நாளைக்கு ஒண்ணு கெடக்க ஒண்ணு ஆனா?” எழுந்து போய்விட்டார். கிளாஸில் பாதி டீ அப்படியே இருந்தது.

இதை ஏன் நீட்டுகிறேன் என்றால், சிலியைப் பற்றிப் படித்தபோதெல்லாம் எனக்கு அந்தப் பாதி டீதான் ஞாபகம் வரும். அங்கே 1884ஆம் வருஷத்துத் திருமணச் சட்டத்தில் கல்யாணத்தை முறிக்கும் மணமுறிவே கிடையாது. ஜெனரல் பினோசெட் 1973இல் ஆட்சியைப் பிடித்து 1990 வரை இருந்தார், அதைத் தொடவில்லை. ஜனங்கள் என்ன செய்தார்கள்? சாட்சிகளைக் கூட்டிவந்து, “இவங்க கல்யாணம் பதிவான அன்னைக்கு அந்தப் பதிவாளர் எல்லைக்குள்ள குடியிருக்கவே இல்லை” என்று சத்தியம் செய்ய வைத்தார்கள். கீழக்கரையில் குடியிருந்தவரைப் பரமக்குடிக்காரர் என்று சொல்கிற மாதிரி! பதிவாளருக்கு அதிகாரம் இல்லை, ஆகவே கல்யாணமே நடக்கவில்லை. நீதிபதிக்கும் தெரியும், வக்கீலுக்கும் தெரியும். பொய் சொன்னால் விடுதலை. 2004இல்தான் அங்கே முறையான மணமுறிவுச் சட்டம் வந்தது. குடும்பத்தைக் காப்பாற்றுகிறேன் என்று மார்தட்டுகிற ஆட்சிகள் காப்பாற்றியது பொய்ச்சாட்சியைத்தான். மறுபடியும் சொல்கிறேன், பொய்ச்சாட்சியைத்தான்.

ஸ்பெயினில் கதை வேறு. 1932இல் குடியரசு மணமுறிவு கொடுத்தது. உள்நாட்டுப் போரில் ஜெயித்து சர்வாதிகாரியான பிராங்கோ 1939இல் அதைப் பிடுங்கினார். பிடுங்கியதோடு விட்டாரா? ஏற்கெனவே கிடைத்த தீர்ப்புகளையும், பழைய புருஷனோ பெண்டாட்டியோ கேட்டால் செல்லாமல் ஆக்கலாம் என்றார். மறுகல்யாணம் செய்து பிள்ளைகுட்டியோடு இருப்பவளை, சட்டம் கையைப் பிடித்துப் பழைய வீட்டு வாசலில் விடும். பாம்பன், தங்கச்சிமடம் பக்கத்துக் கத்தோலிக்க நேயர்களுக்குத் திருச்சபை நியாயம் தெரியும், அது நம்பிக்கை. போலீஸை வைத்திருக்கிற அரசாங்கம் அதைக் கையில் எடுத்தால் அது வேறு சமாச்சாரம். பிராங்கோ செத்து ஆறு வருஷம் கழித்து, 1981இல்தான் அங்கே மணமுறிவு திரும்பி வந்தது.

கண்ணாடிக்கு அந்தப் பக்கம் இரண்டு விரலைக் காட்டுகிறார்கள். ருமேனியாவை ஒரே வரியில் சொல்கிறேன்: பிள்ளை பெருக வேண்டும் என்று 1966இல் கருக்கலைப்பைத் தடைசெய்த செளசெஸ்கு, மணமுறிவையும் இறுக்கினார், அடுத்த வருஷம் நாடு முழுக்கவே நடந்த மணமுறிவு ஐம்பதுக்கும் குறைவு.

ஆனால் நம் ஊர் வேடிக்கையைச் சொல்லாமல் எழுந்திருக்க மாட்டேன். எதிர்க்கட்சித் தலைவர்கள் சிறையில் இருக்கும்போதே, 1976 மே மாதம், அதே எமர்ஜென்சிப் பாராளுமன்றத்துச் சட்டம்தான் இந்து திருமணச் சட்டத்தில் பரஸ்பர சம்மத மணமுறிவைக் கொண்டுவந்தது. யார் மேலும் குற்றம் சொல்ல வேண்டாம். நான் உற்சாகமாகத் தொண்டிக்கு ஆள் அனுப்பினேன். அந்த அம்மாவிடமிருந்து ஒரு பொட்டலம் கருவாடும் பதிலும் வந்தன: “தை மாசமே துரும்பு கிள்ளியாச்சு. காகிதம் கேட்ட வீட்டுப் பொண்ணுக்கு இப்ப மாசம் மூணு.”