மீதிக் கதையை நான் சொல்கிறேன்

நடுவர் அவர்களே, அவையோரே, வணக்கம். மனிதனை நடத்துவது அறிவா, உணர்ச்சியா? உணர்ச்சியே என்று பேச வந்திருக்கிறேன்.

அதற்கு முன் ஒரு கணக்கைத் தீர்க்க வேண்டும். அறிவு அணி நண்பர் எங்களைப் பார்த்து, "இவர்கள் பல்லி மூளைக் கட்சி" என்றார். கைதட்டலும் வாங்கினார். அடியில் இயல்பூக்கத்துக்குப் பல்லி மூளை, நடுவில் உணர்ச்சிக்குப் பாலூட்டி மூளை, உச்சியில் அறிவுக்கு மனித மூளை என்று மாடி மாடியாகப் பிரித்தவர் பால் மெக்லீன் என்ற அமெரிக்க நரம்பியல் அறிஞர். 1960களில் வந்த கருத்து. கேட்க அழகாகத்தான் இருக்கிறது. ஆனால் நரம்பியல் அதைத் தாண்டி வந்துவிட்டது. பல்லியின் மூளையை அப்படியே வைத்துவிட்டு அதன்மேல் புதுசாக ஒன்றை இயற்கை கட்டவில்லை. பழைய பகுதிகளும் கூடவே மாறி வளர்ந்தன. நெற்றிக்குப் பின்னால் இருந்து யோசிக்க உதவும் முன்மூளைப் புறணியும், ஆழத்தில் பாதாம் பருப்பு அளவில் இருந்து பயம் போன்ற உணர்ச்சிகளில் பங்கெடுக்கும் அமிக்டலாவும் ஓயாமல் செய்தி பரிமாறிக்கொள்கின்றன. அதில் ஒன்றை எஜமான் என்றும் மற்றதை வேலைக்காரன் என்றும் சொல்ல நண்பருக்கு யார் உரிமை கொடுத்தது?

அதோடு விட்டாரா? ஒரு கதையும் சொன்னார். அமெரிக்காவின் அயோவாவில் அந்தோனியோ டமாசியோ என்ற நரம்பியல் மருத்துவரிடம் வந்த நோயாளி. முன்மூளையின் அடிப்பகுதி பழுதாகி, உணர்ச்சி மங்கிப்போனவர். பனி உறைந்த சாலையில் வருகிறார். முன்னால் போன கார் வழுக்குகிறது. அதை ஓட்டிய பெண் பதறி பிரேக்கை மிதிக்க, கார் பள்ளத்தில் இறங்குகிறது. இவர் பதறவே இல்லை, அதே இடத்தை நிதானமாகக் கடந்து வந்துவிட்டார். "பயம் இல்லை, அதனால் பிழைத்தார்" என்று முடித்தார் நண்பர்.

சரி. மறுநாள் என்ன ஆனது? அதை ஏன் சொல்லவில்லை?

மறுநாள், அடுத்து எப்போது வரலாம் என்று பேச்சு. டமாசியோ இரண்டு தேதி கொடுக்கிறார். அடுத்த மாதம், சில நாள் இடைவெளியில் இரண்டே இரண்டு தேதி! நம் ஆள் டைரியை எடுக்கிறார். முதல் தேதிக்கு முன்னால் வேறு வேலை இருக்கிறதா? பார்க்கிறார். இரண்டாவது தேதிக்குப் பக்கத்தில் இன்னொரு சந்திப்பு வருமா? அதையும் பார்க்கிறார். அன்றைக்கு வானிலை எப்படி இருக்கும்? அதையும் யோசிக்கிறார். மறுபடியும் முதல் தேதிக்குப் போகிறார். ஒவ்வொரு காரணமும் சரியான காரணம், அவையோரே! அறிவில் ஒரு குறையும் இல்லை. கிட்டத்தட்ட அரை மணி நேரம்! மேசையைத் தட்டி நிறுத்தச் சொல்லாமல் அடக்கிக்கொள்வதே பெரும்பாடாக இருந்தது என்று எழுதுகிறார் டமாசியோ. கடைசியில் மெதுவாக, "இரண்டாவது தேதியில் வாருங்கள்" என்றார். அரை மணி நேரம் எடை போட்ட மனிதர் என்ன சொன்னார் தெரியுமா? "சரி." டைரியைப் பைக்குள் வைத்துக்கொண்டு கிளம்பிவிட்டார்!

இது போதும், இது வேண்டாம் என்று உள்ளே இருந்து ஒரு உணர்வு சொல்ல வேண்டும். அது சொல்லாவிட்டால் அறிவு சுற்றிக்கொண்டே இருக்கும், எங்கேயும் போய்ச் சேராது. டமாசியோ கண்டதும் அதைத்தான்.

மணி அடித்துவிட்டீர்கள். ஒன்றே ஒன்று சொல்லி முடிக்கிறேன்.

அதே அயோவாவில், 2014-இல் வெளியான ஓர் ஆய்வு. நினைவைத் தின்னும் அல்சைமர் நோய் வந்தவர்களுக்குச் சோகமான படக்காட்சிகளையும் மகிழ்ச்சியான படக்காட்சிகளையும் போட்டுக் காட்டினார்கள். கொஞ்ச நேரத்தில் பார்த்தது பெரும்பாலும் மறந்துபோனது. ஆனால் அந்தச் சோகமும் மகிழ்ச்சியும் போகவில்லை. எதற்கு என்று தெரியாமலே நெஞ்சில் நின்றன.

பெற்ற பிள்ளையின் பெயர் மறந்துபோன தாய்மார்கள் எத்தனை பேர் இருக்கிறார்கள்! பிள்ளை வந்து கையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தால் அந்த முகம் மலரும். அவன் போனபிறகு, வந்ததே நினைவிருக்காது. மலர்ச்சி மட்டும் இருக்கும். "அம்மாவுக்குத்தான் எதுவும் நினைவில்லையே, போய் என்ன பயன்?" என்று அறிவு கேட்கும். அது கேட்டு முடிப்பதற்குள் பிள்ளை வாசலைத் தாண்டியிருப்பான். அவனைக் கிளப்பியது எது என்று நீங்கள் சொல்லுங்கள், நடுவர் அவர்களே. நன்றி, வணக்கம்.