பயணப்படிக் கணக்கை எடுத்து அச்சில் போட்டவர்

வணக்கம் நண்பர்களே. பத்திரிகை நடத்திவிட்டு அரசியலுக்கு வந்தவர்கள் அமெரிக்காவில் நிறைய பேர். ஒஹையோவில் ‘மேரியன் ஸ்டார்’ நடத்திய வாரன் ஹார்டிங் ஜனாதிபதியே ஆகிவிட்டார். நான் இன்றைக்குப் பேசப் போவது ஜெயித்தவரைப் பற்றி இல்லை, தோற்றுப்போன ஹொரேஸ் கிரீலியைப் பற்றி. கொஞ்ச நாளாக இவரைப் பற்றியே படித்துக்கொண்டிருக்கிறேன், மனதை விட்டுப் போகமாட்டேன் என்கிறார்.

1811-ல் நியூ ஹாம்ப்ஷயரில் ஒரு ஏழை விவசாயக் குடும்பத்தில் பிறந்தவர். கடனில் நிலம் போய்விட்டது. 15 வயதில் வெர்மான்ட்டில் ஒரு அச்சகத்தில் அச்சுக்கோக்கும் வேலை கற்றுக்கொள்ளச் சேர்ந்தார், 1831-ல் கையில் பத்து டாலரோடு நியூயார்க் வந்து இறங்கினார். அப்புறம் பத்தே வருஷம், 1841 ஏப்ரல் 10-ல் ‘நியூயார்க் டிரிப்யூன்’ சொந்தமாக ஆரம்பித்தார், விலை ஒரு சென்ட். லண்டனிலிருந்து கார்ல் மார்க்ஸ் செய்திக் கட்டுரை எழுதி அனுப்பிய பத்திரிகை இதுதான்.

சரி, அரசியலுக்கு வருவோம். 1848 டிசம்பரில் காலியான ஒரு இடத்துக்கு மூன்று மாதம் மட்டும் பிரதிநிதிகள் சபைக்குப் போனார். வேறு யாராக இருந்தாலும் கைகுலுக்கிவிட்டு, நாலு பேரைச் சிநேகம் பிடித்துக்கொண்டு வந்திருப்பார்கள். இவர் என்ன செய்தார் தெரியுமா? உறுப்பினர்கள் வாங்கும் பயணப்படியைக் கையில் எடுத்தார். மைலுக்கு 40 சென்ட், போகவும் வரவும். ‘வழக்கமான பாதை’ என்று சட்டத்தில் இருந்ததால் ஆளாளுக்குச் சுற்றுப்பாதையைக் காட்டி வாங்கிக்கொண்டிருந்தார்கள். தபால் துறையின் தூரக் கணக்கை எடுத்துவைத்து, ஒவ்வொருவர் பெயருக்கும் நேராக வாங்கியது எவ்வளவு, குறுக்குவழியில் போனால் எவ்வளவு என்று பட்டியல் போட்டு டிரிப்யூனில் அச்சிட்டுவிட்டார். அந்தக் காலத்தில் இருந்த ‘விக்’ (Whig) என்ற தன் சொந்தக் கட்சிக்காரர்கள் பெயரும் அதில் இருந்தது, இல்லினாய்ஸிலிருந்து வந்திருந்த ஆபிரகாம் லிங்கன் பெயரும் இருந்தது. லிங்கன் காட்டிய தூரம் 1,626 மைல், தபால் பாதை 780 மைல், கூடுதலாக வாங்கியது 676 டாலர் 80 சென்ட். இது சட்டவிரோதம் இல்லை, சட்டமே அப்படித்தான் இருக்கிறது என்று கிரீலியே எழுதினார். ஆனாலும் சபை கொதித்துப்போனது. தினமும் அதே ஆட்களுக்கு நடுவில் போய் உட்கார வேண்டும் என்று தெரிந்தே செய்திருக்கிறார் பாருங்கள், அந்த இடத்தில்தான் எனக்கு இந்த மனிதர் மேல் பெரிய மரியாதை வந்தது.

அந்தக் குணம் கடைசி வரை மாறவில்லை. 1862 ஆகஸ்டில், அதே லிங்கன் ஜனாதிபதியாக இருக்கும்போது, அடிமைகளை விடுவிக்க ஏன் தயங்குகிறீர்கள் என்று பகிரங்கக் கடிதம் எழுதினார், இரண்டே நாளில் லிங்கன் பதில் எழுதினார். உள்நாட்டுப் போர் முடிந்து, அடிமைமுறையைக் காக்கப் போரிட்டுத் தோற்ற தென்மாநிலங்களின் தலைவர் ஜெஃபர்சன் டேவிஸ் விசாரணையே இல்லாமல் இரண்டு வருஷம் சிறையில் கிடந்தபோது, 1867-ல் ரிச்மண்டுக்கு நேரில் போய் ஜாமீன் பத்திரத்தில் கையெழுத்துப் போட்டார். அடிமைமுறையை வாழ்நாளெல்லாம் எதிர்த்தவர்! வாசகர்கள் ஆயிரக்கணக்கில் சந்தாவை நிறுத்தினார்கள்.

1872-ல் ஜனாதிபதி தேர்தல், எதிரில் அந்தப் போரை ஜெயித்த தளபதி, அப்போதைய ஜனாதிபதி கிராண்ட். காலமெல்லாம் திட்டி எழுதிய ஜனநாயகக் கட்சியே கிரீலியை வேட்பாளராக ஏற்றுக்கொண்டது. தாமஸ் நாஸ்ட் கேலிச்சித்திரங்களில் குதறி எடுத்தார். அதையாவது தாங்கியிருப்பார். வாக்குப்பதிவுக்கு ஆறு நாள் முன்னால், அக்டோபர் 30-ல், மனைவி மேரி இறந்துபோனார். தேர்தலிலும் தோல்வி, பத்திரிகையும் கையை விட்டு நழுவியது, நவம்பர் 29-ல் இவரும் போய்விட்டார்.

அமெரிக்காவில் ஜனாதிபதிக்கு முறைப்படி வாக்குப் போடுவது மாநிலவாரியாகத் தேர்வான தேர்வாளர்கள்தான். அவர்கள் வாக்குப் போடும் நாள் அதற்குப் பிறகுதான் வந்தது. அவருக்கு விழ வேண்டியவை வேறு பெயர்களுக்குப் பிரிந்துபோயின. ஜார்ஜியாவில் மூன்று பேர் மட்டும், இறந்துவிட்டார் என்று தெரிந்தும், கிரீலி பெயரையே எழுதினார்கள். அந்த மூன்றையும் அமெரிக்க நாடாளுமன்றமான காங்கிரஸ் கணக்கில் சேர்க்கவில்லை. இறுதிச் சடங்குக்குக் கிராண்ட் நேரில் வந்திருந்தார்.