தனியாக விளையாடி முடிக்க முடியாத விளையாட்டு

நடுவர் அவர்களே, எதிரணி நண்பர்களே, இந்த மழைக்குள்ளும் வெள்ளவத்தைக்கு வந்து அமர்ந்திருக்கிற சபையோரே, எல்லோருக்கும் வணக்கம்.

"போக்கிமான் பிள்ளைகளைச் சேர்த்ததா, பிரித்ததா?" என்பது இன்றைய தலைப்பு. போக்கிமான் என்பது விதவிதமான கற்பனை உயிரினங்களைப் பிடித்துச் சேர்த்து, வளர்த்து, சண்டைக்கு விடுகிற வீடியோ விளையாட்டு, அந்த உயிரினங்களுக்கும் அதே பெயர்தான். அது சேர்த்தது என்று கதைக்க வந்திருக்கிறேன். எனக்கு முன்னால் பேசிய எதிரணிச் சகோதரி, குனிந்த தலை நிமிராத ஒரு தலைமுறையை இந்த விளையாட்டு உண்டாக்கிவிட்டது என்றார், நல்ல கைதட்டலும் வாங்கினார். சரி, தலை குனிந்திருந்தது உண்மைதான். ஆனால் அந்தத் தலைக்குப் பக்கத்தில் இன்னொரு தலையும் குனிந்திருந்ததே, இரண்டு பேரின் கையில் இருந்த பெட்டிகளுக்கும் நடுவில் ஒரு வயர் ஓடியதே, அதை ஏன் அவர் சொல்லவில்லை?

நடுவர் அவர்களே, கதையே அந்த வயரில்தான் தொடங்குகிறது. இதை உருவாக்கிய சதோஷி தஜிரி 1965இல் பிறந்தவர், டோக்கியோவின் ஓரத்தில் மச்சிதா என்ற ஊரில் வளர்ந்தவர். சின்ன வயதில் அவருக்குப் பூச்சி பிடிப்பதுதான் வேலை, கூட இருந்த பிள்ளைகள் அவரைப் பூச்சி டாக்டர் என்றே கூப்பிட்டார்களாம். அவர் வளர வளர அங்கே வயலும் குளமும் போய்க் கட்டடங்கள் வந்தன. இதைக் கொழும்பில் இருக்கிற எங்களுக்கு யாரும் விளக்கத் தேவையில்லை, பத்தரமுல்லைப் பக்கம் வயல் கிடந்த இடங்களில் இன்றைக்கு என்ன நிற்கிறது என்று பார்த்தாலே போதும். 1989இல் நிண்டெண்டோ நிறுவனம் கேம் போய் என்ற, கையில் வைத்து விளையாடுகிற பெட்டியை வெளியிட்டது. இரண்டு கேம் போய்களை ஒரு வயரால் இணைக்கலாம். மற்றவர்கள் அந்த வயரை இரண்டு பேர் போட்டி போடுகிற வழியாகத்தான் பார்த்தார்கள். தஜிரிக்கு மட்டும், அதற்குள்ளால் ஒரு பூச்சி ஊர்ந்து இந்தப் பெட்டியில் இருந்து அந்தப் பெட்டிக்குப் போவது தெரிந்தது. தான் பிடித்ததை இன்னொருவனுக்குக் கொடுக்கிற விளையாட்டு! அதைச் செய்து முடிக்க ஏறத்தாழ ஆறு வருடம் எடுத்தது. 1996 பெப்ரவரி 27 அன்று சிவப்பு, பச்சை என்று இரண்டு பதிப்புகள் ஜப்பானில் வந்தன.

ஏன் இரண்டு? இந்த இடத்தைக் கொஞ்சம் கவனமாகக் கேளுங்கள், எங்கள் அணியின் முழு வாதமும் இதில்தான் நிற்கிறது. சிவப்பில் எகான்ஸ் என்ற பாம்பு வரும், சாண்ட்ஷ்ரூ என்ற இன்னொரு போக்கிமான் வராது. பச்சையில் சாண்ட்ஷ்ரூ வரும், எகான்ஸ் வராது. ஆரம்பத்திலேயே பேராசிரியர் மூன்று போக்கிமான்களை முன்னால் வைத்து ஒன்றை எடு என்பார், மற்ற இரண்டும் பிறகு உங்கள் விளையாட்டில் எங்கே தேடினாலும் கிடைக்காது, வேறொருவர்தான் தர வேண்டும். இதெல்லாவற்றையும் விட எனக்குப் பிடித்தது ஹாண்டர் என்ற பேய். நீங்கள் அதை எவ்வளவு காலம் வளர்த்தாலும், எத்தனை சண்டையில் வென்றாலும், அது உங்கள் கையில் இருக்கும்வரை கெங்கர் என்ற தன் அடுத்த வடிவத்துக்கு மாறாது. அதை இன்னொருவனுக்குக் கொடுக்க வேண்டும், கொடுத்தபின் அவனுடைய திரையில்தான் அது மாறும். அதற்குப் பிறகு அவன் அதைத் திருப்பித் தர வேண்டும். தராமல் எழும்பிப் போகவும் அவனால் முடியும். பத்து வயதுப் பிள்ளை ஒருவன், தான் பார்த்துப் பார்த்து வளர்த்ததை நம்பி இன்னொருவன் கையில் கொடுத்துவிட்டுக் காத்திருக்கிறான். இதையா நண்பர்களே மனிதர்களிடம் இருந்து பிரிப்பது என்கிறீர்கள்?

எதிரணித் தலைவர் இதற்கு ஒரு பதில் வைத்திருக்கிறார் என்று தெரியும், குறிப்பு எழுதுவதைப் பார்த்தேன். இரண்டு கேம் போயும் இரண்டு பதிப்பும் வாங்கினால் ஒருவனே எல்லாவற்றையும் பிடித்துவிடலாமே என்பார். பிடிக்கலாம் ஐயா. எந்தத் தாய் தகப்பன் ஒரு பிள்ளைக்கு இரண்டு வாங்கிக் கொடுத்தார்கள்? பக்கத்து வீட்டுப் பிள்ளையிடம் போவதுதான் மலிவான வழி.

மியூ கதைக்கு வருகிறேன். விளையாட்டு முடிகிற கடைசி நேரத்தில், ஷிகேகி மொரிமோட்டோ என்ற நிரலாளர் கொஞ்சமாக மிஞ்சியிருந்த இடத்தில் 151ஆவது போக்கிமானாக மியூவைச் சத்தமில்லாமல் செருகிவிட்டார். விளம்பரம் இல்லை, கையேட்டில் இல்லை. ஆனால் அப்படி ஒன்று இருக்கிறதாம் என்ற கதை பிள்ளைகள் வாய்வழியாகவே பரவியது. பிறகு ஒரு சிறுவர் சஞ்சிகை 20 பேருக்கு மியூ தருகிறோம் என்று அறிவிக்க, 78,000 விண்ணப்பங்கள் வந்து குவிந்தன. ஒருவரோடு ஒருவர் பேசாத பிள்ளைகளிடம் ஒரு வதந்தி எப்படிப் பரவும்?

1997 டிசம்பர் 16ஐயும் எதிரணி எடுத்துப் போட்டது. அன்றைக்கு ஜப்பானில் போக்கிமான் தொலைக்காட்சிக் கார்ட்டூன் தொடரின் ஒரு பகுதியில் சிவப்பு, நீல ஒளி வேகமாக மாறி மாறி மின்னியதில் அறுநூறுக்கு மேற்பட்ட பிள்ளைகளை வைத்தியசாலைக்குக் கொண்டுபோனார்கள். பயங்கரமான சம்பவம், அதைக் குறைத்துச் சொல்ல மாட்டேன். தொடரையே நான்கு மாதம் நிறுத்தினார்கள், மின்னும் காட்சிகளுக்கு அங்கே விதிமுறைகளும் வந்தன. ஆனால் அது திரையின் ஒளியால் நடந்த விபத்து. பிள்ளைகள் சேர்ந்தார்களா பிரிந்தார்களா என்ற இன்றைய கேள்விக்கு அதில் பதில் இல்லை.

அப்புறம், 2016இல் வந்த போக்கிமான் கோ, வெளியே நடந்து திரிந்து போனில் போக்கிமான் பிடிக்கிற விளையாட்டு. இலங்கைக்கு அது அந்த வருட டிசம்பரில்தான் முறையாக வந்தது. அடுத்த வருடம் ரெய்ட் என்ற கூட்டுச் சண்டையைச் சேர்த்தார்கள், வலுவான போக்கிமான் என்றால் தனியாக நின்று வெல்ல முடியாது. விகாரமகாதேவிப் பூங்காவில் நான் பார்த்ததைச் சொல்கிறேன். மரத்தடியில் பத்துப் பதினைந்து பேர். கழுத்தில் அலுவலக அட்டை தொங்கும் ஒரு பிள்ளை, மகனைக் கூட்டி வந்த ஒரு அப்பா, முச்சக்கர வண்டியை ஓரமாக விட்டுவிட்டு வந்த ஒரு அண்ணன். பாதி சிங்களத்திலும் பாதி தமிழிலும் யாரிடம் தண்ணீர் வகை இருக்கிறது, யார் எதை இறக்குவது என்று கதைத்துக்கொண்டார்கள். ஆள் போதாமல் ஒரு முறை தோற்றார்கள். நேரம் ஓடிக்கொண்டிருந்தது, அந்த அண்ணன் பாதையால் போன இரண்டு பெடியன்களை, முன்பின் தெரியாதவர்களை, கைதட்டிக் கூப்பிட்டார். அவர்களும் ஓடிவந்து போனை எடுத்தார்கள். அடுத்த முறை வென்றார்கள். இந்த நகரத்தில் இனமும் வயதும் தொழிலும் கேட்காமல் முன்பின் தெரியாத ஆட்கள் இப்படிச் சேர்ந்து நிற்கிற இடங்கள் எத்தனை இருக்கின்றன என்று நடுவர் யோசித்துப் பார்க்க வேண்டும்.

அடுத்து எழும்புகிற எதிரணி நண்பருக்கு ஒரு கேள்வியை வைத்துவிட்டு உட்காருகிறேன். ஒரு கேம் போய், ஒரு சிவப்புப் பதிப்பு, நண்பன் என்று ஒருவரும் இல்லை. ஒரு சாண்ட்ஷ்ரூ பிடித்துக் காட்டுங்கள். நன்றி, வணக்கம்.